சிவப்பு மையில் நான் சுழித்த சொல்!



வீட்டுப்பாடத்தில் தப்பு செய்தால் வாத்தியாரிடம் திட்டு வாங்குகிறீர்கள். சரி... வாத்தியாரே தப்பு செய்துவிட்டால் யார் திட்டுவது? யாரும் திட்டமாட்டார்கள். அதனால்தானோ என்னவோ, அந்தத் தப்பு மனசுக்குள்ளேயே கிடந்து உறுத்திக்கொண்டிருக்கும்.

இந்த வாரம், நான் செய்த ஒரு தப்பைச் சொல்கிறேன். கூடவே ஒரு அபூர்வமான ஆங்கிலச் சொல்லும் உங்களுக்கு இலவசம்!

அது 1989-ஆம் ஆண்டு. ஒரு நடுநிலைப் பள்ளியில் எட்டாம் வகுப்புக்கு நான் ஆங்கிலம் நடத்திக்கொண்டிருந்தேன். 'எங்கள் பள்ளி ஆண்டு விழா' என்ற தலைப்பில் ஆங்கிலத்தில் கட்டுரை எழுதி வரச் சொன்னேன். நாற்பது நோட்டுகள் வந்தன. முப்பத்தொன்பது நோட்டுகளில் ஒரே கட்டுரைதான்! நான் கரும்பலகையில் எழுதிப் போட்ட வாக்கியங்கள், வரிசைகூட மாறாமல் அப்படியே இருந்தன.

நாற்பதாவது நோட்டு ஒரு மாணவனுடையது. அவனுடைய அப்பா தெருத்தெருவாகச் சென்று பழைய பேப்பர் வாங்குபவர். அந்தப் பையன், 'எங்கள் ஆண்டு விழா, நடனங்களும் நாடகங்களும் பாட்டுகளும் நிறைந்த ஒரு ஸ்மோர்கஸ்போர்டு' என்று ஆங்கிலத்தில் எழுதியிருந்தான்.

ஸ்மோர்கஸ்போர்டா? நான் கேள்விப்படாத சொல். உடனே சிவப்பு மையில் பெரிதாக ஒரு சுழி சுழித்தேன். அதோடு விட்டேனா? வகுப்பில் அவனை எழுந்து நிற்கச் சொன்னேன்.

"என்னடா இது? இப்படி ஒரு வார்த்தை இங்கிலீஷ்லயே கிடையாதே!"

"சார்... ஒரு பழைய புஸ்தகத்துல பாத்தேன் சார். படம் போட்டிருந்துச்சு. நீளமா ஒரு மேசை... அது மேல நிறைய நிறைய சாப்பாடு..."

"ஆண்டு விழாவைப் பத்தி எழுதச் சொன்னா, சாப்பாட்டைப் பத்தி எழுதுறியா? உட்காருடா!"

வகுப்பே சிரித்தது. அன்றிலிருந்து அவனுக்கு 'போர்டு' என்று பட்டப்பெயர் வேறு வந்துவிட்டது.

அந்தச் சனிக்கிழமை வேறு ஒரு வேலையாக நூலகத்துக்குப் போனேன். அங்கே மேசைமேல் ஒரு பெரிய ஆங்கில அகராதி இருந்தது. சும்மா புரட்டிப் பார்த்தேன். என் முகத்தில் அறைந்தது போல அந்தச் சொல் அங்கே இருந்தது! 'பலவகை உணவுகளைப் பரப்பிவைத்து, வேண்டியதை எடுத்துச் சாப்பிடும் விருந்து' என்று முதல் பொருள். 'பலவிதமானவை ஒரே இடத்தில் கிடைப்பது' என்று இரண்டாம் பொருள். பையன் எழுதியது நூற்றுக்கு நூறு சரி. தப்பு என்னுடையது.

அவன் எங்கே தப்பித்தான், நான் எங்கே மாட்டிக்கொண்டேன் என்பதைப் பிறகு சொல்கிறேன். முதலில், அவன் கண்டுபிடித்த அந்தச் சொல்லைக் கொஞ்சம் பார்ப்போமா?

இது ஆங்கிலேயர்கள் உண்டாக்கிய சொல் அல்ல. வட ஐரோப்பாவில் உள்ள சுவீடன் நாட்டிலிருந்து வந்தது. அதில் இரண்டு துண்டுகள் இருக்கின்றன. முதல் துண்டு, 'ஸ்மோர்கஸ்'. சுவீடிஷ் மொழியில் அதற்கு, வெண்ணெய் தடவிய ரொட்டித் துண்டு என்று அர்த்தம். அந்தத் துண்டையும் பிரித்தால் ஒரு வேடிக்கை... அதில் ஒரு பாதி 'வெண்ணெய்', மறுபாதி 'வாத்து'! தயிர் கடையும்போது நம் வீட்டிலும் வெண்ணெய் கட்டி கட்டியாக மேலே மிதக்குமே, அதைப் பார்த்து, 'அட, குளத்தில் வாத்து மிதப்பது போல இருக்கிறதே' என்று அந்த நாட்டுக்காரர்கள் அந்தப் பெயரை வைத்தார்களாம்.

இரண்டாவது துண்டு, 'போர்டு'. அப்படியென்றால் மேசை. ஆக மொத்தம், 'வெண்ணெய் ரொட்டி மேசை'. அவ்வளவுதான்!

'போர்டு என்றால் கரும்பலகைதானே?' என்று நீங்கள் கேட்பது காதில் விழுகிறது. இந்தச் சுவீடிஷ் போர்டும் நம் வகுப்பறை போர்டும் அண்ணன் தம்பிகள்தான். ஆங்கிலத்தில் 'போர்டு' என்றால் முதலில் மரப்பலகை. பலகையில் செய்ததால் சாப்பாட்டு மேசைக்கும் அதே பெயர் வந்தது. பிறகு மேசையில் பரிமாறும் சாப்பாட்டையும் அப்படியே சொல்ல ஆரம்பித்தார்கள். தங்கிச் சாப்பிட்டுப் படிக்கும் பள்ளியை 'போர்டிங் ஸ்கூல்' என்கிறோமே... அந்த 'போர்டிங்' வந்தது சாப்பாட்டு மேசையிலிருந்துதான்!

அந்த மேசையில் என்னென்ன இருக்கும் தெரியுமா? சுவீடனில் குளிர்காலம் நீண்டது, கடுமையானது. அந்த மாதங்களில் வயல்களில் எதுவும் விளையாது. அதனால் அங்குள்ளவர்கள் மீனையும் இறைச்சியையும் உப்பில் ஊற வைத்தும், காடியில் போட்டும், புகையில் வாட்டியும் பத்திரப்படுத்தி வைப்பார்கள். நம் பாட்டிமார்கள் ஊறுகாயும், வற்றலும், கருவாடும் போட்டு வைப்பது போலத்தான். விருந்தாளிகள் வந்தால், அவை எல்லாவற்றையும் எடுத்து மேசையில் பரப்புவார்கள். முதலில் இது பெரிய விருந்துக்கு முன்னால் கொறிக்கும் சின்ன மேசையாகத்தான் இருந்தது. காலப்போக்கில் அதுவே முழு விருந்தாகிவிட்டது.

இந்த மேசையில் சாப்பிடுவதற்கு ஒரு முறை இருக்கிறது. எல்லாவற்றையும் ஒரே தட்டில் கோபுரம் போலக் குவித்துக்கொள்ளக் கூடாது. முதல் நடையில், ஊறவைத்த ஹெர்ரிங் மீன். இது நம்மூர் மத்தி மீனுக்குச் சொந்தக்கார மீன்! அடுத்த நடையில், சால்மன் போன்ற மற்ற மீன்கள். அப்புறம் குளிர்ந்த இறைச்சி வகைகள். அதற்குப் பிறகு இறைச்சி உருண்டை, உருளைக்கிழங்கு போன்ற சூடான பதார்த்தங்கள். கடைசியில் இனிப்பு. ஒவ்வொரு நடைக்கும் புதுத் தட்டு! கொஞ்சமாக எடுத்து, ருசித்துச் சாப்பிட்டு, பிறகு மறுபடி போக வேண்டும். இன்றும் கிறிஸ்துமஸ் சமயத்தில் சுவீடன் வீடுகளிலும் உணவகங்களிலும் இப்படிப்பட்ட மேசைகளைப் பார்க்கலாம்.

1939-ஆம் ஆண்டு அமெரிக்காவின் நியூயார்க் நகரத்தில் உலகக் கண்காட்சி ஒன்று நடந்தது. அங்கே சுவீடன் நாட்டு அரங்கில் 'மூன்று கிரீடங்கள்' என்ற பெயரில் ஓர் உணவகம் வைத்தார்கள். அதில் இந்த விருந்தை ஒரு சுழலும் மேசையில் பரப்பி வைத்தார்கள். வந்தவர்கள் எல்லாம் வாய் பிளந்து பார்த்தார்கள். ஆங்கிலத்தில் அதற்கு முன்பே எட்டிப் பார்த்துவிட்ட சொல்தான் என்றாலும், அமெரிக்காவில் பலருடைய நாக்கிலும் அது ஏறியது அதன் பிறகுதான். அப்புறம் சாப்பாட்டை விட்டு வெளியேயும் நடமாட ஆரம்பித்துவிட்டது.

சரி, இதை எப்படிப் பயன்படுத்துவது?

எழுத்துக்கள் மொத்தம் பதினொன்று. எஸ், எம், ஓ, ஆர், ஜி, ஏ, எஸ், பி, ஓ, ஆர், டி. கடைசித் துண்டில் 'ஏ' வராது. பலர் கரும்பலகை ஞாபகத்தில் அங்கே ஒரு 'ஏ'வைச் சேர்த்து மாட்டிக்கொள்வார்கள். உச்சரிக்கும்போது முதல் அசையை அழுத்திச் சொல்லுங்கள்... 'ஸ்மோர்'-கஸ்-போர்டு.

இந்தச் சொல்லுக்குப் பின்னால் பெரும்பாலும் 'ஆஃப்' வரும். அதன் பின்னால் பன்மைச் சொல் வரும். உதாரணமாக, 'அவர் லைப்ரரி ஆஃபர்ஸ் எ ஸ்மோர்கஸ்போர்டு ஆஃப் புக்ஸ்.' எங்கள் நூலகத்தில் விதவிதமான புத்தகங்கள் கிடைக்கின்றன என்று அர்த்தம். 'தி ஃபேர் வாஸ் எ ஸ்மோர்கஸ்போர்டு ஆஃப் கேம்ஸ்.' பொருட்காட்சியில் பலவகை விளையாட்டுகள் இருந்தன என்று அர்த்தம்.

ஒன்றைக் கவனியுங்கள். 'நிறைய' இருந்தால் மட்டும் போதாது. 'விதவிதமாக' இருக்க வேண்டும். ஒரு கூடை நிறைய ஒரே வகை மாம்பழம் இருந்தால் அது ஸ்மோர்கஸ்போர்டு ஆகாது. மல்கோவா, பங்கனப்பள்ளி, இமாம்பசந்து, கிளிமூக்கு என்று தனித்தனியாக அடுக்கி வைத்து, 'எது வேண்டுமோ எடுத்துக்கொள்' என்றால்தான் அது ஸ்மோர்கஸ்போர்டு!

ஆங்கிலத்தில் 'கலவை', 'பலவகை' என்று சொல்ல இன்னும் பல அபூர்வச் சொற்கள் உண்டு. வேடிக்கை என்னவென்றால், அவற்றில் பலவும் சமையலறையிலிருந்து எழுந்து வந்தவை.

'ஹாட்ச்பாட்ச்' என்பது, எல்லாவற்றையும் ஒரே பானையில் போட்டுக் குலுக்கிச் சமைக்கும் குழம்பு. 'கேலிமாஃப்ரி' என்பதும் பிரெஞ்சுக்காரர்களிடமிருந்து வந்த ஒரு கலவைக் குழம்புதான். ஷேக்ஸ்பியரே தம் நாடகத்தில் பயன்படுத்திய சொல் அது. 'போபுரி' என்றொரு சொல்... பூரி கிழங்கு ஞாபகம் வருகிறதா? அதன் நேர் அர்த்தத்தைக் கேட்டால் மூக்கைப் பொத்திக்கொள்வீர்கள்: 'அழுகிய பானை'! ஒரு கலவைக் குழம்புக்கு வைத்த பெயர் அது. ஆனால் இன்று ஜாடியில் போட்டு வைக்கும் வாசனைப் பூவிதழ்க் கலவைக்கு அதுதான் பெயர். சொற்களுக்கும் அதிர்ஷ்டம் அடிக்கும் போலிருக்கிறது!

'சால்மகண்டி' என்பது, நறுக்கிய இறைச்சி, முட்டை, வெங்காயம், மீன் எல்லாம் சேர்ந்த கலவை. 1807-ஆம் ஆண்டு, வாஷிங்டன் இர்விங் என்ற எழுத்தாளரும் அவருடைய கூட்டாளிகளும் நியூயார்க்கில் ஒரு நகைச்சுவைப் பத்திரிகை தொடங்கியபோது, அந்தப் பெயரைத்தான் வைத்தார்கள். நியூயார்க் நகரத்துக்கு 'காத்தம்' என்று கேலிப்பெயர் சூட்டியதும் அந்தப் பத்திரிகைதான். பேட்மேன் வசிக்கும் ஊரின் பெயர் எங்கிருந்து வந்தது என்று இப்போது தெரிந்ததா?

'ஃபராகோ' என்பது லத்தீன் மொழியில் மாட்டுக்குப் போடும் கலப்புத் தீவனம். ஆங்கிலத்துக்கு வந்ததும், 'கண்டதையும் போட்டுக் குழப்பிய கதம்பம்' என்ற மோசமான அர்த்தம் வந்துவிட்டது. 2017-இல் நம் நாட்டு எழுத்தாளரும் எம்.பி.யுமான சசி தரூர் இந்தச் சொல்லை ட்விட்டரில் எழுத, படித்தவர்கள் எல்லாம் அகராதியைத் தேடி ஓடினார்கள்.

இத்தனையும் 'கலவை'தானே, எதை வேண்டுமானாலும் எங்கே வேண்டுமானாலும் போடலாமா என்றால்... கூடாது! இங்கேதான் கவனம் வேண்டும்.

ஸ்மோர்கஸ்போர்டில் ஒவ்வொரு பதார்த்தமும் தனித்தனித் தட்டில் இருக்கிறது, தேர்ந்தெடுப்பது நீங்கள். ஹாட்ச்பாட்சில் எல்லாம் ஒன்றோடொன்று கலந்துவிட்டது, ஒழுங்கு இல்லை. ஃபராகோவில் ஒழுங்கும் இல்லை, மரியாதையும் இல்லை. ஆண்டு விழாவுக்கு வந்த சிறப்பு விருந்தினரிடம் போய், 'சார், உங்கள் பேச்சு ஒரு ஃபராகோ' என்று பாராட்டிப் பாருங்கள்... மேடையிலேயே முகம் சிவந்துவிடுவார்!

நம் தமிழிலும் இந்த வித்தியாசம் உண்டே! 'கதம்பம்' என்றால் பலவகைப் பூக்கள் சேர்ந்த மணம். 'அவியல்' என்றால் பலவகைக் காய்கள் சேர்ந்த ருசி. ஆனால் 'கூட்டாஞ்சோறு' என்று ஒருவர் கட்டுரையைச் சொன்னால் அது பாராட்டா, கேலியா என்று குரலைக் கேட்டால்தான் தெரியும். நம் சமையலறையும் ஆங்கிலத்துக்குச் சொற்கள் கொடுத்திருக்கிறது. ஆங்கில அகராதியில் உள்ள 'மல்லிகடானி' சூப், நம் வீட்டு 'மிளகு தண்ணீர்'தான்!

சரி, இப்போது அந்த மாணவனிடம் திரும்பி வருவோம்.

சனிக்கிழமையே உண்மை எனக்குத் தெரிந்துவிட்டது. திங்கட்கிழமை வகுப்புக்குப் போனேன். 'நீ எழுதியது சரி. நான்தான் தப்பாகத் திருத்திவிட்டேன்' என்று சொல்லியிருக்க வேண்டும். இரண்டே வாக்கியம்! வாய் வரவில்லை. 'பையன்கள் நம்மை மதிப்பார்களா?' என்ற பயம். நாளைக்குச் சொல்லலாம், நாளைக்குச் சொல்லலாம் என்று தள்ளிப்போட்டேன்.

அதற்குப் பிறகு அவன் எழுதிய கட்டுரைகளில் என் சிவப்பு மைக்கு வேலையே இல்லாமல் போயிற்று. எல்லாம் நான் கரும்பலகையில் எழுதிப் போட்ட வாக்கியங்கள். ஒரு சொல்கூட அவனுடையது இல்லை. நல்ல மதிப்பெண் வேறு போட்டேன்! முழுப் பரீட்சை முடிந்தது. எட்டாம் வகுப்போடு எங்கள் பள்ளி முடிந்துவிடும். அவன் வேறு பள்ளிக்குப் போய்விட்டான். நான் சொல்லவே இல்லை.

அவன் தப்பித்தான் என்று சொன்னேன் அல்லவா? எழுத்தில் அவன் செய்தது தப்பே இல்லை. மாட்டிக்கொண்டவன் நான்தான், முப்பத்தைந்து வருடங்களுக்கு மேலாக!

நினைத்துப் பாருங்கள். அவனிடம் அகராதி இல்லை. சொல்லித்தர ஆள் இல்லை. ஒரு பழைய புத்தகத்தில் படத்தைப் பார்த்து, பக்கத்தில் இருந்த சொல்லைக் கூட்டிப் படித்து, 'இதற்கு இதுதான் அர்த்தமாக இருக்கும்' என்று யூகித்து, அதைச் சாப்பாட்டுக்கு மட்டுமல்ல, ஆண்டு விழாவுக்கும் பொருத்தலாம் என்று தானாகவே கண்டுபிடித்தானே... அதைவிடப் பெரிய ஆங்கிலப் பாடம் நான் எதை நடத்திவிட்டேன்?

அதனால், குழந்தைகளே... உங்களிடம் மூன்று விஷயங்கள் கேட்கிறேன்.

ஒன்று: உங்கள் வகுப்பில் யாராவது புதிதாக ஒரு சொல்லைச் சொன்னால், தமிழோ ஆங்கிலமோ, சிரிக்காதீர்கள். உச்சரிப்பு கோணலாக இருந்தாலும் சிரிக்காதீர்கள். புத்தகத்தில் மட்டுமே ஒரு சொல்லைச் சந்தித்தவனுக்கு, அதன் ஓசை எப்படித் தெரியும்? 'அப்படின்னா என்னடா?' என்று கேளுங்கள். கேட்டவனுக்கு ஒரு சொல் லாபம். சொன்னவனுக்குத் தைரியம் லாபம்.

இரண்டு: பெரிய சொல்லைப் பந்தாவுக்காகப் பயன்படுத்தாதீர்கள். 'வெரைட்டி' என்று சொன்னாலே போதும் என்கிற இடத்தில் அதையே சொல்லுங்கள். மேசை நிறைய விதவிதமாகப் பரப்பி, 'வா, தேர்ந்தெடு' என்று அழைக்கும் இடத்தில் மட்டும் ஸ்மோர்கஸ்போர்டை எடுங்கள். ஒரே பக்கத்தில் நான்கைந்து அபூர்வச் சொற்களைக் குவித்தால் கட்டுரையே ஹாட்ச்பாட்ச் ஆகிவிடும்! சுவீடன் மேசை முறைதான் இதற்கும் நல்லது. வாரத்துக்கு இரண்டே சொல் எடுத்துக்கொள்ளுங்கள், ருசித்துப் பழகுங்கள், பிறகு புதுத் தட்டோடு மறுபடி போங்கள்.

மூன்று: நீங்கள் எழுதியது சரி என்று உங்களுக்கு நிச்சயமாகத் தெரிந்தால், அகராதியைக் கையில் எடுத்துக்கொண்டு ஆசிரியரிடம் போங்கள். பணிவாக, 'சார், இதைக் கொஞ்சம் பாருங்க', 'டீச்சர், இப்படிப் போட்டிருக்கே' என்று காட்டுங்கள். அதைப் பார்த்துச் சந்தோஷப்படுபவர்தான் நல்ல ஆசிரியர்.

இதைப் படிக்கும் ஆசிரியர்களுக்கும் ஒரு வார்த்தை. தெரியாத சொல்லைக் கண்டால், சிவப்புப் பேனாவைக் கொஞ்சம் மூடி வைத்துவிட்டு, அகராதியைத் திறங்கள். ஒரு நிமிட வேலை அது. நான் அந்த ஒரு நிமிடத்தை மிச்சம் பிடித்து, ஒரு பையனின் ஆசையைச் செலவழித்துவிட்டேன்.

அவனுக்கு இப்போது ஐம்பது வயது நெருங்கியிருக்கும். எந்த ஊரில், என்ன வேலையில் இருக்கிறானோ தெரியாது. உங்களில் யாராவது ஒருவருடைய அப்பாவாகவோ, மாமாவாகவோகூட இருக்கலாம். இந்தப் பக்கத்தை வீட்டில் சத்தமாக வாசித்துக் காட்டுங்கள். 'ஸ்மோர்கஸ்போர்டு' என்ற சொல் வரும்போது யாராவது நிமிர்ந்து பார்த்தால், அவரிடம் சொல்லிவிடுங்கள்:

"நீ எழுதியது சரிதான்டா. சார்தான் தப்பாகத் திருத்திவிட்டேன்."

இந்த வாரத்துக்கான வீட்டுப்பாடம்: உங்கள் ஊர்ச் சந்தையைப் பற்றியோ, திருவிழாவைப் பற்றியோ, பள்ளி நூலகத்தைப் பற்றியோ ஆங்கிலத்தில் மூன்று வாக்கியங்கள் எழுதுங்கள். அதில் ஒரு வாக்கியத்தில் மட்டும் ஸ்மோர்கஸ்போர்டு வரட்டும். மற்ற இரண்டும் உங்கள் சொந்தச் சொற்களாகவே இருக்கட்டும். கரும்பலகையைப் பார்த்து எழுதக் கூடாது, சரியா?

அடுத்த வாரம் சந்திப்போம்!